அண்ணாச்சிக்கு இலை வேண்டாம்

கூட்டுறவுச் சங்கங்களின் துணைப்பதிவாளர் மாசானமுத்து வந்து சேர்ந்தபோது மடத்து ஆசிரியர் வாழை இலைகளைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

ஊருக்கு வெளியே இருந்த அந்தச் சின்ன மடத்தில் யார் வந்தாலும் முதலில் "சாப்பிட்டீங்களா?" என்று கேட்பார்கள். வந்த காரியத்தை அப்புறம்தான் கேட்பார்கள். ஆசிரியர் ஒரு காலத்தில் தொழிலாளர் வழக்குகள் நடத்தியவர். கறுப்புக் கோட்டைக் கழற்றி வைத்துவிட்டு இங்கே வந்து உட்கார்ந்துவிட்டார். சீடரான மாசானமுத்து வயதில் அவரைவிட மூத்தவர். அதனால் குருவே சீடரை அண்ணாச்சி என்றுதான் கூப்பிடுவார்.

அன்று மாசானமுத்து அந்த முதல் கேள்விக்குக் காத்திருக்கவில்லை.

"கோர்ட்டு என் உத்தரவை ரத்து பண்ணிட்டுது ஐயா."

"எந்த உத்தரவு?"

"இசக்கியம்மாள்னு ஒருத்தி. ஒரு சங்கத்துல எழுத்தர். விளம்பரம் கிடையாது, நேர்காணல் கிடையாது. அந்தச் சங்கத்துக்கு அப்படியொரு பணியிடமே கிடையாது. பழைய தலைவர் கூப்பிட்டு உட்கார வச்சுட்டார். நான் நீக்கச் சொன்னேன்."

"நியமனம் சரிதான்னு சொல்லுதா கோர்ட்டு?"

"அதுக்குள்ள போகவே இல்ல. அவளைக் கூப்பிட்டு விசாரிக்காம நீக்கினது தப்பாம். விசாரிச்சுட்டு மறுபடி முடிவெடுக்கணுமாம்." தோளில் தொங்கிய பையைத் தட்டினார். "நீக்கச் சொல்லிப் புது உத்தரவும் டைப் அடிச்சாச்சு. திங்கக்கிழமை வரச் சொல்லியிருக்கேன். வந்ததுக்கு ஒரு கையெழுத்து வாங்கிட்டு, இதைக் கையில கொடுத்துட வேண்டியதுதான்."

"அந்தப் பொண்ணு இப்ப என்ன செய்யுது?"

"வீட்டுல இருக்கா. அந்தச் சம்பளத்துலதான் குடும்பம் ஓடிச்சுன்னு சொல்லுதாக. யாருக்குத்தான் ஐயா சம்பளத்துல ஓடல?"

மாசானமுத்து தூணில் சாய்ந்தார். ஓய்வு பெற ஒரு வருஷம்கூட இல்லை. ஒரு கோப்பு அனுப்பினால் கோர்ட்டிலிருந்து இன்னொன்று திரும்பி வருகிறது. பஸ் ஸ்டாண்டு ஓட்டலில் சாப்பிட்ட குழம்பின் காரம் நெஞ்சில் நின்று எரிந்தது. மோர் கேட்டதற்குத் தீர்ந்துபோச்சு என்று கையை விரித்துவிட்டார்கள்.

"முடிவு சரியா இருக்கு. அப்புறம் வழியைப் பிடிச்சுத் தொங்குறதுல என்ன நியாயம்? அதுதான் எனக்குப் புரியல."

ஆசிரியர் துடைத்த இலைகளை எடுத்துக் கொடுத்தார். பந்திக்கு ஆட்கள் உட்கார்ந்தார்கள். சமையல் பார்க்கும் கோமு மாசானமுத்துவின் முன்னால் இலையை விரித்தாள்.

"அண்ணாச்சிக்கு இலை வேண்டாம்," என்றார் ஆசிரியர். "அவர் சாப்பிட்டாச்சு."

"அவுக ஒண்ணும் சொல்லலியே."

"எடு, எடு."

கோமு இலையை எடுத்து அடுத்தவருக்குப் போட்டாள். சோறு வந்தது, குழம்பு வந்தது, கீரை வந்தது. மாசானமுத்து முன்னால் வெறும் தரை இருந்தது. கடைசியில் மோர் வாளி அவரைத் தாண்டிப் போனது. பக்கத்தில் இருந்தவர் கையைக் குவித்து வாங்கிக் குடித்தார்.

பந்தி எழுந்தபின் ஆசிரியர் வந்து எதிரில் உட்கார்ந்தார்.

"சாப்பிட்டுட்டுத்தானே வந்தீங்க?"

"ஆமா."

"சட்டையில குழம்பு சொட்டியிருக்கு. பார்த்துத்தான் சொன்னேன். என் முடிவு சரிதானே?"

"சரிதான்."

"பிறகு ஏன் முகம் இப்படி இருக்கு?"

மாசானமுத்து சட்டையைக் குனிந்து பார்த்தார். "ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்."

"கேட்டா என்ன, சாப்பிட்டாச்சுன்னுதானே சொல்லியிருப்பீங்க?"

"சாப்பிட்டாச்சுன்னுதான் சொல்லியிருப்பேன். கொஞ்சம் மோர் மட்டும் கொடுங்கன்னு கேட்டிருப்பேன். நெஞ்சு எரியுது."

ஆசிரியர் உள்பக்கம் திரும்பினார். "கோமு, மோர் இருக்கா?"

"வாளியைக் கழுவிக் கவுத்தாச்சு," என்றாள் கோமு.

மாசானமுத்து பையை மடியில் இழுத்து வைத்துக்கொண்டார்.

"கோப்பு பூராவும் படிச்சுட்டேன் ஐயா. அவ வந்து புதுசா என்னத்தைச் சொல்லிடப் போறா?"

"எனக்கு எப்படித் தெரியும் அண்ணாச்சி?" என்றார் ஆசிரியர். "உங்களுக்கு மோர் வேணும்னுகூட எனக்குத் தெரியலியே."