அம்பாரியில் மாட்டிக்கொண்ட ராஜா

கொன்றைமங்கலத்து ராஜா செண்பகராயருக்கு யானைச் சவாரி என்றால் கொள்ளை ஆசை. அவருடைய பாகன்கள்தான் பாவம். அத்தனை பேரும் தற்காலிகம். தலை நரைத்துப்போன இருளப்பன்கூடத் தற்காலிகம்தான்.

அந்த நாட்டில் ஒரு சட்டம் உண்டு. அரண்மனையில் இடைவிடாமல் வேலை பார்த்தவனை நிரந்தரமாக்க வேண்டும். திவான் நாகேசர் லேசுப்பட்டவரா? வருஷா வருஷம் பங்குனிக் கடைசி நாள் உச்சிவேளை மணி அடித்ததும் பாகன்களை வேலையிலிருந்து நீக்குவார். மறுநாள் உச்சிவேளையில் புதிதாகச் சேர்ப்பார். நடுவில் யானைக்குப் பசிக்காதா என்ன? பாகன்கள் சும்மாவே வந்து கவளம் ஊட்டிவிட்டுப் போவார்கள்.

அப்படி ஊட்டப்போனபோதுதான் இருளப்பனின் தம்பி மதயானையின் காலில் சிக்கிச் செத்தான்.

"அன்றைக்கு அவன் நம் ஆளே இல்லையே!" என்று திவான் கைகழுவிவிட்டார். நஷ்டஈடு கேட்டு வந்த தம்பி பெண்டாட்டி வெறுங்கையோடு திரும்பினாள்.

இருளப்பன் பாகன்களைத் திரட்டி நியாய சபையில் வழக்குப் போட்டான். வழக்கு நடந்தது. நடந்துகொண்டே இருந்தது. திவானுக்கு ஒரே வாதம்: "இவர்கள் இடைவிடாமல் வேலை பார்க்கவில்லை. நடுவில் ஒரு நாள் விட்டுப்போகிறது."

கடைசியில் இருளப்பன், அரசவை விகடர் சாத்தப்பரிடம் போய் நின்றான். ராஜாவையே கிண்டல் செய்யும் துணிச்சல் அவருக்குத்தான் உண்டு.

"நீக்கின பிறகும் ஏன்யா வேலைக்குப் போறீங்க?"

"யானை பட்டினி கெடக்குமே, சாமி."

"தீனியைப் போடு. மத்ததுல இந்தத் தடவை திவான் சொன்னபடியே நட."

அதோடு விடவில்லை சாத்தப்பர். பங்குனிக் கடைசி நாளில் நகர்வலம் போனால் ஜனங்கள் மகிழ்வார்கள் என்று ராஜாவின் காதில் போட்டுவைத்தார்.

ராஜா புறப்பட்டார். யானை கடைவீதிக்கு வந்த நேரம், உச்சிவேளை மணி அடித்தது. இருளப்பன் யானையின் கழுத்திலிருந்து சரசரவென்று இறங்கினான்.

"உத்தரவு வாங்கிக்கிறேன், மகாராஜா. என்னை வேலையிலேர்ந்து நீக்கியாச்சு."

யானை பக்கத்து வாழைப்பழக் கடைக்குள் தும்பிக்கையை விட்டது. பிடிக்கப்போன வீரர்கள் ஒரே பிளிறலில் சிதறி ஓடினார்கள். திவான் பதறினார்.

"டேய், ஏறுடா மேலே!"

"ஏறலாங்க எசமான். ஏறினா இடைவிடாத வேலை ஆயிடுமே? அப்புறம் நியாய சபையில நீங்கதானே மாட்டிக்குவீங்க?"

கடைவீதியே சிரித்தது. அம்பாரியைக் கட்டிப்பிடித்துக்கொண்டு ராஜா கத்தினார்: "நாகேசரே! வேறு பாகனைக் கூப்பிடும்!"

திவானை முந்திக்கொண்டு, நகர்வலத்தில் கூடவே வந்த சாத்தப்பர் பதில் சொன்னார்.

"எல்லோரையும் நீக்கியாகிவிட்டது, மகாராஜா. கவலைப்படாதீர்கள். திவான் கணக்குப்படி, நீங்கள் மேலே இருப்பதும் தற்காலிகம்தான்."

யானை அடுத்த கடைக்கு நகர்ந்தது. அம்பாரி ஒரு பக்கம் சாய்ந்தது.

"நிரந்தரம்!" என்று அலறினார் ராஜா. "இன்று முதல் எல்லோரும் நிரந்தரம்!"

இருளப்பன் யானையின் காலில் கை வைத்தான். பிறகு எடுத்துக்கொண்டான்.

"சேர்ந்த நாளிலேர்ந்துன்னு சொல்லுங்க, மகாராஜா. அப்பத்தான், நீக்கின நாள்ல கவளம் ஊட்டப்போயி செத்த எந்தம்பியும் அதுல வருவான்."

சிரிப்பு அடங்கியது. தம்பி செத்த கதை ராஜாவுக்கு அதுவரை தெரியாது. திவானைப் பார்த்தார். திவான் தரையைப் பார்த்தார்.

"சேர்ந்த நாளிலிருந்து," என்றார் ராஜா. "உன் தம்பிக்கும் சேர்த்துத்தான்."

இருளப்பன் யானையைத் தட்டிக்கொடுத்து ஏதோ சொன்னான். அது மண்டியிட்டது.

இறங்கிய ராஜா வேர்வையைத் துடைத்தார். சாத்தப்பரைப் பார்த்ததும் சிரிப்பு வந்துவிட்டது. தன் சால்வையைக் கழற்றி அவருக்குப் போர்த்தினார்.

"நான் மட்டும் சம்மதிக்காமல் இருந்திருந்தால் என்ன செய்திருப்பீர்?"

"உங்களை இறக்கிவிடச் சொல்லி நியாய சபையில் வழக்குப் போட்டிருப்பேன், மகாராஜா. உங்கள் பேரன் பட்டத்துக்கு வருவதற்குள் முதல் வாய்தாவாவது வந்திருக்கும்."