வாங்க என்று கூப்பிட ஓர் ஆள்

முன்னொரு காலத்தில், மழை இரண்டு வருடமாக ஏமாற்றிக்கொண்டிருந்த ஒரு நாட்டில், அரசனுக்கு ஏணிப் பைத்தியம் பிடித்தது.

ஏறுகிற ஏணி அல்ல. சாரங்கதரர் என்ற தலைமைப் பண்டிதர் பட்டுத் துணியில் வரைந்து சபையில் மாட்டிய ஏணி. அடிப்படியில் பசி, அதற்கு மேல் கூரை, அதற்கு மேல் சொந்தபந்தம், அதற்கும் மேல் மரியாதை. உச்சிப்படி ஞானம். அதில் ஓர் உருவம் உட்கார்ந்திருந்தது. மூக்கும் குடுமியும் பண்டிதருடையவை.

“காட்டில் சிங்கம் தின்ற பிறகு நரி, நரி தின்ற பிறகு கழுகு. இயற்கையே படிப்படியாக அமைந்தது, அரசே. மனித மனமும் அப்படித்தான். கீழ்ப்படியில் நிற்பவனுக்கு மேற்படி கண்ணில் படாது. பசித்தவனுக்கு மரியாதை தேவைப்படாது” என்றார் பண்டிதர்.

இதை அவர் சும்மா சொல்லவில்லை. பஞ்சத்தில் வந்தவர்களுக்காகக் கோட்டை வாசலில் ஒரு கஞ்சிச்சாலை நடந்துவந்தது. அந்த நாட்டு வழக்கப்படி ஜனங்களை வரிசையாக உட்காரவைத்து, இலை போட்டு, ஒருவன் கைகூப்பி நின்று “வாங்க, சாப்பிடுங்க” என்று சொன்ன பிறகுதான் அகப்பை கஞ்சிக்குள் இறங்கும். எத்தனை பசியானாலும் கூப்பிடாத இடத்தில் கை நனைக்காத ஊர் அது.

“இலை எதற்கு, பந்தி எதற்கு, கூப்பிட ஓர் ஆள் எதற்கு? லாயத்துக் கல்தொட்டி ஒன்றைப் போட்டுக் கஞ்சியை ஊற்றினால் போதாதா?” என்று கேட்டார் பண்டிதர். அரசன் ஏணியைப் பார்த்தான். போதும் என்று பட்டது.

மறுநாள் தொட்டி வந்தது. ஜனங்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல் குனிந்து அள்ளிக் குடித்தார்கள். ஒருத்தி மட்டும் எழுந்திருக்கவில்லை. சீரங்காயி என்று பெயர். கரிசல் காட்டில் பயிரையும் புருஷனையும் ஒரே கோடையில் பறிகொடுத்துவிட்டு நடந்தே வந்தவள். சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள்.

அந்தப் பக்கம் வந்தான் ஏகப்பன். சபையில் விகடம் பேசுகிறவன். பிறந்தது உப்பு வியாபாரிகள் தெருவில். துண்டுக்கடியில் விரலைப் பிடித்துப் பேரம் பேசுகிறவர்களின் மடியில் வளர்ந்தவன்.

“ஏன் ஆத்தா, கஞ்சி ஆறுதே?”

“ஆறட்டும் சாமி.”

“பசிக்கலையா?”

“பசிக்காம என்ன. யாரும் கூப்பிடலையே.” கதவு சாத்தியிருக்கிறது என்று சொல்வதைப் போல, வருத்தமில்லாமல் சொன்னாள். “எங்க ஊர்ல மாட்டையே பேரு சொல்லிக் கூப்பிட்டுத்தான் தண்ணி காட்டுவோம்.”

ஏகப்பன் நேரே சபைக்குப் போனான்.

“அரசே, பண்டிதர் காட்டில் சிங்கத்தைப் பார்த்தார். வீட்டுக் கூரையில் காக்கையைப் பார்க்க மறந்துவிட்டார். ஒரு பருக்கை கிடைத்தாலும் அது கூப்பிட்டுவிட்டுத்தான் தின்கிறது.”

“காக்கை பறவைகளில் கடைசிப்படி” என்றார் பண்டிதர்.

“அதனால்தான் கேட்கிறேன். கடைசிப்படியில் இருப்பதற்குத் தெரிந்த மரியாதை நமக்கு எப்படி மறந்தது?” என்ற ஏகப்பன், சுவரோரம் இருந்தவளைப் பற்றிச் சொன்னான்.

பண்டிதர் சிரித்தார். “அவளுக்குப் புத்தி பேதலித்திருக்கும். அல்லது மடியில் எதையோ ஒளித்துவைத்துத் தின்றுகொண்டிருப்பாள். ஐயப்பட முடியாத பசி உள்ள ஒருவர், எதிரே இருக்கும் நல்ல உணவை மறுப்பதை ஏகப்பன் காட்டட்டும்.”

“காட்டினால் தொட்டி போகும்” என்றான் அரசன். “காட்டாவிட்டால் இனி உனக்கும் அந்தத் தொட்டியில்தான் சாப்பாடு. சம்மதமா?”

“சம்மதம், அரசே. துவாதசிக் காலைச் சமையலை மட்டும் என் பொறுப்பில் விட வேண்டும்.”

“உணவில் குறை இருக்கக் கூடாது” என்று பண்டிதர் முந்திக்கொண்டு நிபந்தனை போட்டார். பேரத்தில் அவசரப்பட்டு வாய் திறக்கிறவன் எவ்வளவு கொடுப்பான் என்பது ஏகப்பனுக்குத் தெரியும். தலையாட்டினான்.

ஏகாதசிக்கு இன்னும் நான்கு நாள் இருந்தது.

வீடு திரும்பும் வழியில் சீரங்காயி அதே இடத்தில் இருந்தாள். ‘வாங்க ஆத்தா, நம்ம வீட்டுக்கு’ என்ற சொல் அவன் நாக்கு நுனிவரை வந்தது. கூப்பிட்டிருந்தால் எழுந்து வந்திருப்பாள். ஆனால் தலைக்குள் இருந்த வியாபாரி கையைப் பிடித்து இழுத்தான். இவள் என் வீட்டில் ஒரு வாய் சாப்பிட்டால், ஒளித்துத் தின்கிறவள் என்று பண்டிதர் சொன்னது மெய்யாகிவிடும். அரசரையும் இவளையும் ஒரே தராசில் வைத்துக் காட்டும்போது தட்டு சுத்தமாக இருக்க வேண்டும். விலை ஏறும்வரை பொட்டலத்தைப் பிரிக்கக் கூடாது.

“நாலஞ்சு நாள் பொறுத்துக்க ஆத்தா” என்றான்.

“எதுக்கு சாமி?”

அதற்குள் அவன் நடக்கத் தொடங்கியிருந்தான். மறுநாளும் பார்த்தான், தண்ணீர்ப் பந்தலில் வாங்கிய தண்ணீர் மட்டும் அவள் பக்கத்தில் இருந்தது. அதற்குப் பிறகு அவன் வேறு தெருவழியாகப் போய்வந்தான்.

துவாதசி விடிந்தது. முதல் நாள் முழுதும் தண்ணீர்கூடத் தொடாத அரசன் போஜன மண்டபத்துக்கு வேகமாக வந்தான். பலகை இல்லை, இலை இல்லை, ஆள் இல்லை. நெய் மணம் மட்டும் லாயத்துப் பக்கமிருந்து வந்தது. அதைப் பின்தொடர்ந்து போனான். பண்டிதரும் மற்றவர்களும் பின்னால் ஓடினார்கள்.

கல்தொட்டியில் சோறும் பருப்பும் அகத்திக்கீரையும் நெல்லிக்காய்ப் பச்சடியும் ஒன்றாக ஊற்றிக் கிடந்தன. ஏகப்பன் வேறெங்கோ பார்த்துக்கொண்டு நின்றான்.

“ஏகப்பா, இது என்ன?”

“விரதம் முடிக்கும் தங்கள் பாரணை, அரசே. தொட்டியை மூன்று முறை கழுவியிருக்கிறேன். நெய் பசுநெய்.”

“இலை எங்கே?”

“இலை மரியாதைப் படியில் இருக்கிறது. தாங்கள் இன்று காலை பசிப் படியில் இருக்கிறீர்கள்.”

“என்னை யாரும் அழைக்கக்கூட இல்லையே” என்றான் அரசன். சொன்ன பிறகுதான் தன் குரல் தன் காதில் விழுந்ததுபோல நின்றான்.

ஏகப்பன் பண்டிதர் பக்கம் திரும்பினான். “பண்டிதரே, அரசரின் பசி உண்மையா?”

இல்லை என்றால் அரசர் விரதம் முறித்தார் என்றாகிவிடும். “உண்மை” என்றார் பண்டிதர்.

“உணவில் குறை உண்டா?”

பண்டிதரும் முதல் நாள் பட்டினி. ஒரு விரலால் தொட்டு நக்கினார். இன்னொரு முறையும் தொட்டார். “குறையில்லை.”

“அரசர் உண்ணவில்லை” என்றான் ஏகப்பன். “கோட்டைச் சுவரோரம் ஒருத்தியும் உண்ணவில்லை. இருவரும் ஒரே படியில் நிற்கிறீர்கள், அரசே. அது எந்தப் படி என்பதைப் பண்டிதர் துணியில் எழுதிக்கொள்ளட்டும்.”

அரசனின் முகம் சிவந்தது. பிறகு தோள் குலுங்கியது. லாயத்துக் குதிரைகள் மிரளும்படி சிரித்தான். கஞ்சிச்சாலைத் தொட்டியை உடைக்கச் சொன்னான். பழையபடி இலையும் பந்தியும் நடக்கட்டும் என்றான். “வேண்டியதைக் கேள், ஏகப்பா.”

“முதலில் ஒருவரைக் கூப்பிட்டு வருகிறேன், அரசே.”

கையில் ஒரு தலைவாழை இலையோடு ஓடினான். சுவரோரம் சீரங்காயி சாய்ந்தபடியே இருந்தாள். முகத்தின்மேல் யாரோ அவள் முந்தானையை இழுத்துவிட்டிருந்தார்கள்.

“விடியறப்பவே ஆச்சுங்க” என்றான் கஞ்சி ஊற்றுகிறவன். “யாரையும் தொந்தரவு பண்ணலை.”

ஏகப்பன் இலையை அவள் முன்னால் விரித்தான். தண்ணீர் தெளித்தான். “வாங்க ஆத்தா, சாப்பிடுங்க” என்றான். ஐந்து நாளைக்கு முன்பு சொல்வதற்கு ஒரு மூச்சுகூடச் செலவாகியிருக்காது.

சபைக்குத் திரும்பியவன், “கஞ்சிச்சாலை வாசலில் கூப்பிட ஓர் ஆள் வேண்டும். அந்த வேலையை எனக்குக் கொடுங்கள்” என்று கேட்டான்.

“சபை விகடனுக்கு வாசலில் நின்று கூப்பிடும் வேலையா?” அரசன் மறுபடியும் சிரித்தான். வேலையையும் கொடுத்து, தன் முத்துமாலையைக் கழற்றி அவன் கழுத்திலும் போட்டான்.

அந்த மாலையோடு ஏகப்பன் தினமும் வாசலில் நின்றான். ஒவ்வொருவரையும் கைகூப்பிக் கூப்பிட்டான். பந்தி நிறைந்து எல்லோரும் உட்கார்ந்த பிறகு, வெறும் சுவரைப் பார்த்து இன்னொரு முறை “வாங்க ஆத்தா” என்பான். அதுவும் ஏதோ விகடம் என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். ஒருநாள் பார்க்க வந்த அரசன், வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்து, இன்னொரு மாலை கொடுத்துவிட்டுப் போனான்.