தாலாட்டி யாழ்

நீலாங்குடி நாட்டில் செவ்வந்தி என்றொரு தையற்காரி இருந்தாள். அவளிடம் தாலாட்டி என்று ஒரு யாழ் இருந்தது. அதை மீட்டினால், மீட்டுகிறவரைத் தவிரக் கேட்கிற அத்தனை பேரும் தூங்கிவிடுவார்கள். தெருப்பிள்ளைகளை எல்லாம் அதை வைத்துத்தான் அவள் தூங்கவைப்பாள்.

அரண்மனை வித்துவான் வச்சிரநாதருக்கு அந்த யாழின்மேல் ஆசை வந்துவிட்டது. அரசரிடம் போய், "எல்லாம் பொய், மகாராஜா! அவள் சபையில் மீட்டட்டும். நான் கண் அசந்தால் பதவியை விட்டுவிடுகிறேன். அசராவிட்டால் யாழ் எனக்கு" என்றார். அரசரும் ஒப்புக்கொண்டுவிட்டார்.

செவ்வந்தி யோசித்தாள். சபையே தூங்கிவிட்டால், வித்துவானும் தூங்கினார் என்று யார் சாட்சி சொல்வார்கள்? ஆனாலும் மீட்டினாள். எல்லாரும் குறட்டை விட்டார்கள். வித்துவானின் குறட்டைதான் எல்லாவற்றிலும் பெரிது.

கொஞ்ச நேரம் கழித்து எல்லாரும் விழித்தார்கள்.

"நான் இமைகூடக் கொட்டவில்லை!" என்று எழுந்தார் வித்துவான்.

சபை அவர் முகத்தைப் பார்த்துக் கொல்லென்று சிரித்தது. அவர் தடவிப் பார்த்தார். ஒரு பக்க மீசையைக் காணோம்!

"யார் செய்த வேலை இது?" என்றார் அரசர்.

"வித்துவானையே கேளுங்கள், மகாராஜா. அவர்தான் விழித்திருந்தாரே" என்றாள் செவ்வந்தி.

"நீதானடி கத்தரித்திருப்பாய்!" என்று கத்தினார் வித்துவான்.

"கண்ணால் பார்த்தவர் 'கத்தரித்தாய்' என்றல்லவா சொல்வார், ஐயா? 'கத்தரித்திருப்பாய்' என்கிறீர்களே!"

அரசர் சிரித்த சிரிப்பில் கிரீடம் நழுவி மடியில் விழுந்தது. வித்துவான் மிச்ச மீசையை மேல்துண்டால் மூடிக்கொண்டு, பதவியை விட்டு நடையைக் கட்டினார்.