கோர்ட்டைக் காலி செய்த கோர்ட்டு

கோணாங்குறிச்சியில் சவரிமுத்துவுக்கு ஒரு வீடு இருந்தது. அதில் கோர்ட்டு குடியிருந்தது. சவரிமுத்துவோ மனைவியோடு மைத்துனர் வீட்டுப் பின்கட்டில் ஒண்டியிருந்தார். இரண்டாவது தோசைக்குக் கை நீட்டினால் மைத்துனர் செருமுவார். சொந்த வீட்டில் உட்கார்ந்து, செருமல் இல்லாமல் தோசை சாப்பிட வேண்டும். மனுஷர் ஆசைப்பட்டது அவ்வளவுதான்.

அதற்காக, கோர்ட்டைக் காலி செய்யச் சொல்லி அந்தக் கோர்ட்டிலேயே வழக்குப் போட்டிருந்தார். ஊரில் வேறு கோர்ட்டு கிடையாது. பதினோரு வருஷமாக வாய்தாதான் கிடைத்தது.

ஒருநாள் மேல் கோர்ட்டிலிருந்து உத்தரவு வந்தது. வாடகை வழக்குகளை இழுத்தடிக்கக் கூடாது, பழையதை முதலில் எடுக்க வேண்டும், வாய்தா கூடவே கூடாது, தீர்ப்பை அன்றைக்கே நிறைவேற்ற வேண்டும். இருப்பதிலேயே பழையது சவரிமுத்துவின் வழக்கு. உடனே எடுத்தார்கள்.

டவாலி மாசிலாமணி வழக்கப்படி வாசலுக்குப் போய், தெருவைப் பார்த்து, எதிர்மனுதாரரான கோர்ட்டை மூன்று தடவை பெயர் சொல்லிக் கூப்பிட்டார். ஓர் ஆடு திரும்பிப் பார்த்தது. வேறு யாரும் வரவில்லை.

"கோர்ட்டுங்கிறது நாமதானப்பா?" என்றார் நீதிபதி.

"நாமதாங்கய்யா. ஆனா கூப்பிட்டா வெளியிலருந்து உள்ள வரணும். உள்ளயே இருக்கிறவங்க எப்படி வர்றது?" என்றார் தலைமை எழுத்தர் வைத்திலிங்கம்.

"ஒரு எட்டு வெளிய போயிட்டு வந்துடலாமா?"

"கூப்பிடறப்ப கோர்ட்டு வெளிய இருந்தா, உள்ளருந்து யாருங்கய்யா கூப்பிடறது?"

நீதிபதிக்கு அது நியாயமாகத்தான் பட்டது. எதிர்மனுதாரர் ஆஜராகவில்லை என்று எழுதி, இன்றே காலி செய்து சாவியைச் சவரிமுத்துவிடம் கொடுக்கும்படி தீர்ப்பளித்தார். சவரிமுத்துவுக்குக் கண் கலங்கிவிட்டது.

மேசை, நாற்காலி எல்லாம் தெருவுக்கு வந்தன. முடிந்த வழக்கின் காகிதக் கட்டை மட்டும் இரும்பு பீரோவில்தான் வைக்க வேண்டும் என்பது விதி. பீரோ சுவரில் பதித்தது. சாவியும் வழக்கைச் சேர்ந்த பொருள்தானே என்று அதையும் கட்டோடு கட்டி உள்ளே வைத்தார்கள். பிறகு வாசல் கதவைச் சாத்தி, அமுக்குப் பூட்டை அமுக்கி, அரக்கு முத்திரையும் வைத்தார்கள்.

சவரிமுத்து சாவி கேட்டார். பத்திரமாக உள்ளே இருப்பதாகச் சொன்னார்கள்.

அவர் கல்லைத் தேடினார். கோர்ட்டு முத்திரையை உடைக்கக் கோர்ட்டு உத்தரவு வேண்டும் என்று வைத்திலிங்கம் தடுத்தார். உத்தரவு போடக் கோர்ட்டு உட்கார வேண்டும். தெருவில் உட்கார விதியில்லை. எல்லோரும் தலையைப் பிடித்துக்கொண்டு யோசித்ததில், நீதிபதிக்குத்தான் வழி தெரிந்தது.

"சவரிமுத்து, உங்க வீடு இப்ப காலியாத்தானே இருக்கு? எங்களுக்கு வாடகைக்குக் குடுங்க. உள்ள உட்கார்ந்து இப்பவே உத்தரவு போட்டுடறேன்."

சவரிமுத்துவுக்கோ அவசரம். பத்திரத்தில் கையெழுத்துப் போட்டார். குடித்தனக்காரர் தன் வீட்டுக்குள் போக எந்த உத்தரவும் வேண்டாம் என்று வைத்திலிங்கம் சொல்ல, மாசிலாமணி பூட்டின்மேல் கல்லால் ஒரே போடு போட்டார். மேசை நாற்காலி மறுபடி உள்ளே போயின.

சாவி வாங்கக் கூப்பிடுவார்கள் என்று சவரிமுத்து முன்கூட்டியே தெருவுக்கு ஓடிப்போய் நின்றுகொண்டார். மூன்றாவது தடவை கூப்பிட்டதும் கம்பீரமாக உள்ளே வந்து வாங்கிக்கொண்டார்.

அன்று மைத்துனர் வீட்டில் மூன்று தோசை சாப்பிட்டார். மைத்துனர் செருமினார். சவரிமுத்து அதைக் காதில் போட்டுக்கொள்ளவில்லை. உடைந்த பூட்டின் சாவியை இலைக்குப் பக்கத்தில் வைத்துவிட்டு மனைவியிடம் சொன்னார்:

"பதினோரு வருஷ வழக்கு, ஒரே நாள்ல முடிச்சுட்டாங்க பாத்தியா? வாடகைக்கு விட்டா இந்த மாதிரி சுறுசுறுப்பான ஆளுங்களுக்குத்தான் விடணும். விட்டுட்டு வந்துட்டேன்."