இரண்டு தடவை உயர்ந்த கை

ஆற்று நடுவே இருந்த திட்டில் வருடத்துக்கு ஒரு நாள்தான் கோயில் திறக்கும். அன்றைக்கு ஆட்களைக் கூட்டிப்போய்க் கூட்டிவரும் பொறுப்பு கரையிலிருந்த மடத்துக்கு. அந்த வருடம் குரு அதைச் சீடன் பரஞ்சோதியிடம் ஒப்படைத்தார். பரஞ்சோதிக்குக் கணக்கென்றால் வெல்லம். கொஞ்சம் தலைக்கனமும் உண்டு.

காலையில் முப்பது பேர் போனார்கள். கும்பிடப் போனவர்கள் இருபது, கூடையோடு விற்கப் போனவர்கள் பத்து. கும்பிட்டவர்களுக்குக் கோயிலில் துளசி மாலை போடுவார்கள்.

சாயங்காலம் மழை பிடித்துக்கொண்டது. ஆற்றில் வெள்ளம் ஏறியது. ஓடத்தில் எல்லோரும் ஓலைப்பாய்க்கு அடியில் ஒண்டிக்கொண்டிருந்தார்கள். தலை எண்ண வழியில்லை.

"தம்பி, எல்லாரும் வந்தாச்சா? சீக்கிரம் சொல்லு," என்றான் ஓடக்காரன்.

"மாலை போட்டவங்க கை தூக்குங்க," என்றான் பரஞ்சோதி. இருபது கை.

"கூடைக்காரங்க?"

பத்து கை.

இரண்டுக்கு ஒன்று. காலையில் பார்த்த அதே விகிதம், கூட்டினால் அதே முப்பது. அவனுக்குச் சந்தேகமே வரவில்லை.

"வந்தாச்சு. கயித்தை அவுருங்க."

வளையல் விற்கப் போன தங்கபாக்கியம் சாமியும் கும்பிட்டு மாலை வாங்கியிருந்தாள். இரண்டு தடவையும் கை தூக்கினாள். கேட்டார்கள், தூக்கினாள், பாவம். அவள் மேல் என்ன தப்பு?

கும்பிடப் போன செக்கடி வேலப்பன் திட்டிலேயே நின்றுவிட்டான். மடத்து விளக்குக்குத் தினமும் எண்ணெய் கொண்டுவருகிறவன் அவன்தான். விடிவதற்குள் திட்டு முழுகிவிட்டது.

வெள்ளம் வடிந்த பிறகும் பரஞ்சோதிக்குச் சோறு இறங்கவில்லை. வேலப்பன் மனைவி வந்து எண்ணெய்ச் செம்பை மடத்து வாசலில் வைத்துவிட்டு ஒரு வார்த்தை பேசாமல் போனாள். நாலு வார்த்தை திட்டியிருந்தால்கூடத் தாங்கியிருப்பான்.

குருவின் எதிரே போய் நின்றான்.

"கணக்கு சரியாத்தானே வந்துச்சு, சாமி? எங்க தப்பு?"

குரு தன் கழுத்து மாலையைக் கழற்றி அவனுக்குப் போட்டார். பூக்கூடையை எடுத்து அவன் கையில் கொடுத்தார்.

"மாலை போட்டவங்க கை தூக்குங்க."

தூக்கினான்.

"கூடைக்காரங்க?"

தூக்கப்போன கை பாதியில் நின்றது.

"இங்க எத்தனை பேர் நிக்கிறீங்க?"

பரஞ்சோதி அப்படியே உட்கார்ந்துவிட்டான்.

"ரெண்டும் வச்சிருக்கறவங்க எத்தனை பேர்னு நான் கேக்கவே இல்லையே! அது மட்டும் தெரிஞ்சிருந்தா... தெரியாமப் போச்சே, சாமி."

குருவுக்கும் கண் கலங்கியது. இவன் கணக்கை ஊரெல்லாம் மெச்சிக்கொண்டு திரிந்தவர் அவர்தானே. அவனருகில் உட்கார்ந்து, கழுத்திலிருந்த மாலையை மெதுவாக எடுத்தார்.

"அது உனக்குத் தெரியாது, சரி. வேலப்பன்ங்கற பேரு தெரியும்ல? ஒரு தடவை கூப்பிட்டிருக்கலாமேப்பா."