கட்டிலுக்கு அடியில கதண்டுப் பானை

ராஜாவுக்கு மீசை பெருசா, பயம் பெருசான்னு யாரும் அளந்து பாக்காத காலம் அது. காதைக் கொஞ்சம் குடுங்க, கதை முடிஞ்சதும் திருப்பித் தந்துடறேன்.

ஒரு ஆறு. வடகரையில ஒரு ராஜ்யம், தென்கரையில ஒரு ராஜ்யம். இந்தக் கரைப் பொண்ணு அந்தக் கரைக்கு வாக்கப்படும். அந்தக் கரை மாப்பிள்ளை இந்தக் கரையில விருந்து தின்னுட்டு ஏப்பம் விடுவான். சண்டைன்னு வந்தா, சீர்ல அதிரசம் கொறைஞ்சுதுன்னுதான் வரும்.

வடகரையில செம்பாயின்னு ஒருத்தி. தேனெடுக்கறவ. அவ பனையில ஏறுனா அணில் வழி விடும். வாயைத் தொறந்தா அரண்மனைக் காவக்காரனும் வழி விடுவான். அவ அக்கா பூவாயியைத் தென்கரையில ஒண்டிப்புலிக்குக் குடுத்திருந்தாங்க. அவனும் தேனெடுக்கறவன்தான். பேருதான் புலி, பொண்டாட்டி இருமுனாப் பூனை.

ஒரு தடவை வடகரை ராஜா, கெழக்கத்திப் பெரிய ராஜாவைப் பாக்கப் போனாரு. அங்க யானை மேல ஒரு பானை. பானைக்குள்ள கதண்டுக் கூடு. கதண்டு தெரியுமில்ல? பத்து வண்டு கொட்டுனா எருமையே சாஞ்சுரும். அந்தப் பானையைப் பாத்து அத்தனை ராஜாவும் குனிஞ்சு கும்பிட்டாங்க. நம்ம ராஜாவுக்கு ஒக்காரப் பலகைகூட யாரும் போடல.

வந்ததும் வராததுமா செம்பாயியைக் கூப்பிட்டாரு.

"எனக்கும் ஒரு கதண்டுப் பானை வேணும்."

"யார் மேல வீச, ராசா?"

"வீசறதுக்கு இல்லடி. வெச்சிருக்கறதுக்கு."

"சும்மா வெச்சிருக்கத்தான்னா ஊறுகாய் வெச்சுக்கலாமே?"

"ஊறுகாயைப் பாத்து எவன் கும்புடுவான்?"

அதுவும் சரிதானேன்னு செம்பாயிக்குத் தோணுச்சு. ஒரே ஒரு பானை, ஒரு மூலையில கெடந்துட்டுப் போகுதுன்னு நெனச்சா. ஈரச் சாக்கைப் போத்திக்கிட்டுப் பனை உச்சிக்கு ஏறுனா. கூட்டை அறுத்துப் பானையில வெச்சு, வாயைத் துணியால கட்டிக் குடுத்தா.

மொத பானை மரியாதைக்கு. சேதி கேட்ட தென்கரை ராஜா ஒண்டிப்புலியைக் கூப்பிட்டு ஒரு பானை அடைக்கச் சொன்னாரு. ஒடனே இந்தப் பக்கம் ரெண்டாவது பானை, அது பயத்துக்கு. அப்புறம் பானைக்குன்னு ஒரு மந்திரி வெச்சாச்சு. அவரு சும்மா இருந்தா நல்லாவா இருக்கும்? மூணாவது பானை மந்திரிக்கு வேலை குடுக்கறதுக்கு. இப்படியே இங்க பன்னெண்டு, அங்க பன்னெண்டுன்னு ஆகிப்போச்சு.

ஒரு சங்கடம் என்னன்னா, கதண்டுக்குக் கொட்டுச் சத்தம் ஆகாது, பொகை ஆகாது. ஊர்ல மேளம் நின்னுச்சு. சாமிக்குச் சாம்பிராணி நின்னுச்சு. கல்யாணத்துல கெட்டிமேளத்துக்குப் பதிலா ஒருத்தன் வெரலை ஆட்டுனான், மாப்பிள்ளை தாலி கட்டுனான். ஆத்துல ஓடமும் நின்னுச்சு, அக்கரைக்காரன் பானையை எண்ணிட்டுப் போயிடுவானாம்.

அப்பப் பாத்து பூவாயிக்கு ஏழாம் மாசம். வளைகாப்புக்குச் சீர் கொண்டு போக வழி இல்ல. செம்பாயி இந்தக் கரையில நின்னா, பூவாயி அந்தக் கரையில நின்னா. அக்காக்காரி ரெண்டு கையையும் தூக்கிக் காட்டுனா. மொட்டைக் கை. ஒரு வளையல் இல்ல.

செம்பாயி கொண்டாந்த வளையலை மடியிலயே முடிஞ்சுக்கிட்டு வீடு திரும்புனா.

மறுநாள் உச்சி வெயில்ல வடகரை அரண்மனை எருமைக் கொட்டாய்ல ஒரே கூச்சல். மூணு எருமை செத்துக் கெடக்கு, கதண்டு கொட்டி! "தென்கரைக்காரன் வீசிட்டான்!"னு ஊரே அலறுச்சு. மந்திரி ஓடியாந்தாரு. ராஜா மீசை துடிக்க எழுந்தாரு. "பன்னெண்டு பானையும் ஆத்தங்கரைக்குக் கொண்டு போங்கடா! அத்தனையும் வீசுங்க!"

செம்பாயி ஓடுனா. ஆத்துக்கு இல்ல, பானைக் கொட்டாய்க்கு. பதினொரு பானை நல்லா இருக்கு. பன்னெண்டாவது பானை ஒடைஞ்சு கெடக்கு, பக்கத்துலயே ஒரு தேங்காய். அந்தத் தேங்காயைத் தூக்கிக்கிட்டு வந்து ராஜா காலடியில போட்டா.

"எதிரி இவன்தான் ராசா. நம்ம மரத்துக்காரன். இவன் மேல வேணா படையெடுங்க."

யாரும் சிரிக்கல. ராஜா பொத்துன்னு ஒக்காந்தாரு. ஒரு தேங்காய்க்காக ரெண்டு ஊரைக் கொல்லப் பாத்தோமேன்னு அவரு முதுகெல்லாம் வேர்வை.

"ராசா, நாம மத்தியானம் வீசுனா கதண்டு தெக்கே போகும். பொழுது சாயக் காத்து திரும்புனா வடக்கே வரும். இது எந்த ராசா பானைன்னு அதுக்கு யாரு சொல்லிக் குடுத்தா? எல்லாத்தையும் ஆத்துல முக்கிரலாம்."

"நான் முக்கி, அவன் முக்கலைன்னா?"

"அவரும் அங்க ஒக்காந்து இதையேதான் கேட்டுக்கிட்டு இருப்பாரு. நம்ம ரெண்டு கரைக்கும் ஒரு வழக்கம் இருக்கே, ராசா! சீர்ப் பானையை மூடித்தான் கொண்டு போறோம். சம்பந்தி வீட்டு ஆளு ஊரு முன்னால ஒவ்வொண்ணாப் பாத்து, இதுல இது இருக்குன்னு உரக்கச் சொன்னாத்தான் சீர் செல்லும். அவங்க பானையை நான் பாக்கறேன், நம்ம பானையை எங்க மச்சான் பாக்கட்டும். தொறக்க வேணாம், காதை வெச்சா போதும். அங்க ஒண்ணு முங்குனா இங்க ஒண்ணு முங்கட்டும். நம்மது ஒண்ணுதான் ஏற்கெனவே ஒடைஞ்சுபோச்சே, அதுக்கு ஈடா அவங்க ஒண்ணு கூட முக்கட்டும்."

ராஜா தலையாட்டுனாரு. தென்கரைக்கு ஆள் போச்சு, அந்த ராஜாவும் தலையாட்டுனாரு. மூணு நாள் தவணை.

மூணாம் நாள் காலையில படகுல பானை ஏத்துனாங்க. ரெண்டு கரையிலயும் ஜனம், கல்லும் கவணுமாப் படை. செம்பாயி ஒவ்வொரு பானையையும் கையில வாங்கி வெச்சா. மூணு பானையைத் தொட்டதும் கை நின்னுச்சு. ரீங்காரம் இருக்கு, ஆனா கதண்டுக் கூட்டோட சுரண்டல் இல்ல.

மந்திரி காதுல வந்து சொன்னாரு: "அது தேனீ. வைக்கோல் வெச்சுச் சத்தத்தை அமுக்கியிருக்கேன், ஒம் மச்சானுக்குத் தெரியாது. மூணு நெஜப் பானையை ராஜா ஒளிச்சு வெச்சுட்டாரு. வாயைத் தொறந்த, நாக்கு இருக்காது."

நாக்கு போனா செம்பாயிகிட்ட மிச்சம் என்ன இருக்கு? பாதி ஆறு போற வரைக்கும் பேசாமத்தான் போனா. எதுத்த படகுல ஒண்டிப்புலி. அவன் முதுகுக்குப் பின்னால, கரையில, ஒரு கையால இடுப்பைப் புடிச்சுக்கிட்டுப் பூவாயி. இன்னும் மொட்டைக் கைதான்.

ஒண்டிப்புலி குனிஞ்சு பானையில காதை வெக்கப் போனான்.

"மச்சான், நில்லுங்க. இந்த மூணும் கதண்டு இல்ல. தேனீ. எங்க ராசா மூணை ஒளிச்சுட்டாரு."

ரெண்டு கரையிலயும் கவண் ஒசந்துச்சு. ஒண்டிப்புலி நிமிந்தான். அவன் மொகத்துல கோவத்தைக் காணோம், அழுகை வராப்புல இருந்துச்சு.

"அடி கொழுந்தியா! ஏம் படகுலயும் மூணு அப்படித்தான்டி! எப்படிச் சொல்றதுன்னு விடிஞ்சதுலருந்து கை நடுங்கிக்கிட்டு இருக்கு!"

"அதானே பாத்தேன். தேனீக்குப் போயி என்னடா புலி நடுங்குதேன்னு!"

மொதல்ல சிரிச்சது பூவாயி. அப்புறம் அந்தக் கரை, அப்புறம் இந்தக் கரை. கவணைப் புடிச்சவனும் சிரிச்சான். சிரிச்சுக்கிட்டே கவணைச் சுத்த யாராலயும் முடியாது.

செம்பாயி கரையைப் பாத்துக் கத்துனா. "ராசா! அந்த மூணையும் எங்க வெச்சிருக்கீங்க?"

ராஜா மென்னு முழுங்குனாரு. "யாரையும் நம்ப முடியல. ஏங் கட்டிலுக்கு அடியில."

"தூக்கம் வந்துச்சா?"

"மூணு நாளா இல்ல செம்பாயி. ராவெல்லாம் ஊய்ங்ங்னு..." சொல்றப்பவே அவருக்குக் கொட்டாவி. ஆத்துக்கு அந்தப் பக்கம் தென்கரை ராஜாவும் கொட்டாவி விட்டாரு. அவரு கண்ணும் செக்கச் செவேல்னு இருந்துச்சு.

அப்புறம் யாரும் யாரையும் மெரட்டல. ரெண்டு ராஜாவும் ஆள் விட்டு ஒளிச்ச பானையை எடுத்துட்டு வரச் சொன்னாங்க. செம்பாயி காதை வெச்சு "கதண்டு!"ன்னா, ஒரு பானை முங்குச்சு. ஒண்டிப்புலி காதை வெச்சு "கதண்டு!"ன்னான், ஒரு பானை முங்குச்சு. கடைசிப் பானை விட்ட குமிழி அடங்குற வரைக்கும் ரெண்டு கரையும் மூச்சு விடல. விட்டப்போ, நாணல் எல்லாம் ஆடுச்சுன்னு சொல்றாங்க.

தேனீப் பானையைத் தொறந்து விட்டாங்க. அதுங்க மந்திரியை மட்டும் ரெண்டு கொட்டு கொட்டிட்டுப் போச்சு.

அன்னைக்கே வளைகாப்பு. பூவாயி கை முழங்கை வரைக்கும் கண்ணாடி வளையல். ரொம்ப நாள் கழிச்சு மேளம் கொட்டுச்சு, அடி இடியாட்டம் எறங்குச்சு. அத்தனை சத்தத்துலயும் ரெண்டு ராஜாவும் ஒரே பாயில குப்புறப் படுத்துக் கொறட்டை விட்டாங்க. சீர்ல அதிரசம் ரெண்டு கொறைஞ்சுதுன்னு ஒண்டிப்புலி சண்டை போட்டான். நல்ல சண்டை.

கெழக்கத்திப் பெரிய ராஜா மட்டும் இன்னும் பானையோடதான் சுத்தறாராம். பாவம், அந்த யானைக்கும் தூக்கம் இல்லையாம்.

அதனால, காது வாங்குனவங்களே, இதை வெச்சுக்கிட்டு காதைத் திரும்ப வாங்கிக்குங்க: அடுத்தவனை மெரட்டச் சேத்து வெக்கிற அழிவு மொதல்ல நம்ம தூக்கத்தைத்தான் கொல்லும், ஒருத்தர் பானையை ஒருத்தர் பாக்க விட்டு ரெண்டு பேரும் சேந்து கை விட்டாத்தான் ரெண்டு கரையும் பொழைக்கும்.