வலைக்கு ஒரு பங்கு

கணக்கு என்றதும் பக்கத்தைப் புரட்டிவிடாதீர்கள். இது மீன் கணக்கு. பாதியிலேயே பசி எடுத்தால் நான் பொறுப்பல்ல.

கடலோரப் பள்ளி ஒன்றில் ஐந்தாம் வகுப்புக்குப் பின்னம் நடத்திக்கொண்டிருந்தார் கோமதிநாயகி டீச்சர். அவர் கரிசல் காட்டு ஊர்க்காரர். ஆப்பிளை வெட்டிக் காட்டினால் பிள்ளைகள் ஆப்பிளைத்தான் பார்க்கிறார்கள், பின்னத்தைப் பார்ப்பதில்லை என்று அலுத்துப்போய், அவர்கள் வீட்டுச் சங்கதியையே கணக்காக்கிக் கரும்பலகையில் எழுதினார்:

“சூசை தன் வள்ளத்தில் மூன்று பேரை அழைத்துக்கொண்டு கடலுக்குப் போனார். நால்வரும் சேர்ந்து வலை இழுத்தார்கள். கிடைத்த மீனில் பாதி, வள்ளக்காரருக்கு. மீதியை வலை இழுத்தவர்கள் சமமாகப் பிரித்துக்கொண்டார்கள். மொத்த மீனில் சூசையின் வீட்டுக்குப் போன பங்கு எவ்வளவு?”

சரியான விடைக்குப் பரிசும் உண்டு. பள்ளி வாசலில் தொங்கும் தண்டவாளத் துண்டில் சுத்தியலால் மணி அடிக்கும் வேலை, இந்த மாதம் முழுக்க அந்தப் பிள்ளைக்கு. அதற்கு ஆசைப்படாதவர்கள் வகுப்பில் யாரும் இல்லை. ரெஜிலாவுக்கோ அது உயிர். அவள் அப்பா கரையில் உட்கார்ந்து கிழிந்த வலையைத் தைக்கும்போது அந்தச் சத்தம் அவர் காதில் விழும். “அடிக்கிறது எம் மவதான்” என்று அவர் பக்கத்தில் இருப்பவர்களிடம் சொல்ல வேண்டும்.

முதலில் கிளீட்டஸ் எழுந்தான். “பாதி டீச்சர். வள்ளம் அவருதுதான?” சொல்லிவிட்டு, சுத்தியல் கைக்கு வந்துவிட்டதுபோலத் தோளை ஆட்டிப் பார்த்துக்கொண்டான்.

ஜெரோம் அவசரப்படவில்லை. “எட்டுல அஞ்சு டீச்சர். வள்ளத்துக்குப் பாதி. மீதிப் பாதிய நாலு பேரு பிரிச்சா ஆளுக்கு எட்டுல ஒண்ணு. சூசையும் வலை இழுத்தாருல்லா, அவருக்கும் அது உண்டு.”

அடுத்து ரெஜிலா. “அஞ்சுல மூணு டீச்சர். மீதிய அஞ்சாத்தான் வைக்கணும். ஆளுக்கு ஒண்ணு, வலைக்கு ஒண்ணு. அப்பம் சூசைக்கு வள்ளத்துக்குப் பாதி, ஆள் பங்கு பத்துல ஒண்ணு. சேத்தா அஞ்சுல மூணு.”

“வலைக்கு எதுக்கும்மா பங்கு?”

“வலை கொடுத்தவருக்கு டீச்சர். எங்கப்பாட்ட வள்ளம் இல்ல, வலைதான் இருக்கு. அந்தப் பங்கு வந்தாத்தான் எங்க வீட்டுல குழம்பு.”

வகுப்பே தலையாட்டியது. அந்தக் கரையில் வழக்கம் அதுதான். டீச்சருக்கு அது அன்றுதான் தெரிந்தது. சுத்தியலைக் கையில் எடுத்துக்கொண்டு, பலகையில் எழுதிய கணக்கை மறுபடி ஒருமுறை வாசித்தார்.

நீங்கள் சொல்லுங்கள்: அந்தச் சுத்தியல் யாருக்குச் சேர வேண்டும்?

விடை: ஜெரோமுக்கு. கிளீட்டஸ் சூசையின் வள்ளத்தைப் பார்த்தான், அவர் வலை இழுத்ததை மறந்துவிட்டான். ரெஜிலா போட்ட பின்னத்தில் ஒரு குறையும் இல்லை. ஆனால் பலகையில் இருந்த கணக்கின்படி மீதி மீன் நான்கு பேருக்கு மட்டுமே; அதில் இல்லாத ஒரு பங்கை அவள் அப்பாவுக்காக எடுத்துவைத்துவிட்டாள். கணக்கில் அது தப்புதான். எனக்கென்னவோ அந்தத் தப்பை ரொம்பப் பிடித்திருக்கிறது. டீச்சரும் சுத்தியலை ஜெரோமிடமே கொடுத்தார். ரெஜிலாவின் கண் கலங்கியதைப் பார்த்து, “அடுத்த மாசக் கணக்குல வலைக்கும் ஒரு பங்கு எழுதிடறேன்” என்றார். ரெஜிலா மூக்கை உறிஞ்சிக்கொண்டே சொன்னாள்: “வலை யாருதுன்னும் எழுதிருங்க டீச்சர்.”